போர்டுக்குப் போட்ட பூசை

நாற்பத்து மூன்று வயதுப் பெண் ஒருத்தி சறுக்குப் பலகையில் ஏறி நின்றுகொண்டு செம்பனைக் காட்டுக்குள் போனால் பார்க்கிறவர்கள் என்ன நினைப்பார்கள் என்று எனக்குத் தெரியும். நினைத்துக்கொள்ளட்டும். மலேசியாவில் லாபு பக்கத்தில் இருக்கும் எங்கள் தோட்டத்தில் பார்ப்பதற்கும் அப்படி ஒன்றும் ஆள் கிடையாது. இருபத்து நான்கு கதவு உள்ள லயத்தில், அந்த வரிசை வீடுகளில், ஐந்தில்தான் தமிழர்கள். மற்றவற்றில் வங்காளதேசத்திலிருந்து வந்த தொழிலாளர்கள். விடியுமுன்னே செம்பனைக் குலை வெட்டப் போவார்கள், வந்து சமைத்துச் சாப்பிட்டுவிட்டு ஊருக்குப் போன் பேசுவார்கள். எதிரில் பார்த்தால் நானும் அவர்களும் தலையாட்டிக்கொள்வோம். அவ்வளவுதான் பழக்கம்.

அம்மா போய் இரண்டு வருடம் ஆகியிருந்தது. அண்ணன் ஜொகூரில் குடும்பத்தோடு இருக்கிறான். கல்யாணம் எனக்கு அமையவில்லை. அமையவில்லை என்று சொல்வது மரியாதைக்கு. வந்த இரண்டு இடத்தையும் என் வாயால் நானே கெடுத்துக்கொண்டேன். எனக்குக் கோபம் மூக்கு மேலே. செனவாங்கில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் இருபது வருடமாகச் சோல்டரிங் வேலை. அங்கே போனால் பேச்சுக்குப் பஞ்சமில்லை, ஆனால் எல்லாம் வேலைப் பேச்சு. வெள்ளிக்கிழமை சாயங்காலம் தொழிற்சாலை பஸ்ஸிலிருந்து இறங்கினால் திங்கட்கிழமை காலை வரைக்கும் ஒரு வார்த்தை பேசாமல் கழிந்த வாரங்கள் உண்டு. திங்கட்கிழமை முதல் வார்த்தை பேசும்போது தொண்டை கரகரக்கும்.

அந்தப் பலகை, போர்டு என்போம், எனக்கு வந்தது தற்செயலாகத்தான். பஸ் தோட்ட வாசலிலேயே இறக்கிவிட்டுவிடும், அங்கிருந்து லயத்துக்கு இரண்டரை கிலோமீட்டர் சடக்கு, தார் ரோடு. என் மோட்டார் சைக்கிளை ரயில் நிலையத்து வாசலில் எவனோ தூக்கிக்கொண்டு போய்விட்டான். நான் தினமும் நடந்து வீட்டுக்குப் போவதைக் கேள்விப்பட்ட எங்கள் தொழிற்சாலை எஞ்சினியர் ஒருவர், பினாங்குக்கு மாற்றலாகிப் போகும்போது, "எனக்கு இது இனிமே வேண்டாம், நீங்க வச்சிக்குங்க" என்று கொடுத்துவிட்டுப் போனார். என் இடுப்பு உயரம்கூட இல்லாத குட்டைப் பலகை. அடியில் பேட்டரிப் பெட்டி, பின் சக்கரங்களுக்குள்ளேயே மோட்டார், கையில் ஒரு சின்ன ரிமோட். பெருவிரலைத் தள்ளினால் போகும், இழுத்தால் நிற்கும். கேட்க எவ்வளவு எளிது! முதல் வாரத்தில் நான் விழாத இடம் அந்தச் சடக்கில் இல்லை. குலை ஏற்றிக்கொண்டிருந்த வங்காளதேசத்துக்காரர்கள் வேலையை விட்டுவிட்டுச் சிரித்தார்கள். சிரிக்காதீங்கடா என்று தமிழிலேயே கத்தினேன். அதற்கும் சிரித்தார்கள்.

பிறகு ஒரு நாள் அது பிடிபட்டது. நேராக நின்று ஓட்டினால் அது வெறும் வாகனம். குதிகாலில் எடையைப் போட்டால் இந்தப் பக்கம் வளையும், பாதத்தின் முன்பக்கம் போட்டால் அந்தப் பக்கம் வளையும். மாற்றி மாற்றிப் போட்டால் சடக்கின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரத்துக்கு நெளிந்து நெளிந்து போகலாம். இதை ஓட்டுகிறவர்கள் கார்விங் என்பார்கள். இரண்டு பக்கமும் செம்பனை, நடுவில் தார்ச் சடக்கு, ஈ காக்கா இல்லை. இடுப்பு தானாகத் திரும்பும், காற்று ஒரு காதிலிருந்து மறு காதுக்கு மாறும். முதல் தடவை ஒழுங்காக வளைத்து வந்து நிறுத்தியபோது எனக்கு வாயெல்லாம் பல். பார்த்தியா, எப்படி ஓட்டினேன் பார்த்தியா என்று கேட்கத் திரும்பினேன். யாரிடம் கேட்பது? சும்மா ரிமோட்டைத் துடைத்துவிட்டு வீட்டுக்குள் போனேன்.

சாயங்காலங்களில் அதைப் பிரித்து மாட்டுவதே எனக்குப் பொழுது ஆயிற்று. சக்கரங்களைப் பிடித்திருக்கும் இரும்புத் தண்டுக்கு நடுவில் இரண்டு ரப்பர் புஷ் இருக்கும். கெட்டி ரப்பராக இருந்தால் பலகை சாயாது, மெத்தென்று இருந்தால் நன்றாகச் சாயும், ஆனால் வேகத்தில் ஆடும். முன்னால் மெத்து, பின்னால் கெட்டி என்று மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தேன். தோட்டத்துக் கல்லுக்கும் குழிக்கும் தாங்கட்டும் என்று முன் சக்கரங்களைப் பெரிதாக மாற்றினேன். பெரிய சக்கரம் வளையும்போது பலகையில் உரசியது. உயர்த்துவதற்கு இடையில் எதையாவது வைக்க வேண்டும். அடுப்படியில் இருந்த பிளாஸ்டிக் நறுக்கும் பலகையை எடுத்தேன், அளந்தேன், அறுத்தேன், நான்கு துளை போட்டேன், கச்சிதமாக உட்கார்ந்துவிட்டது. அதற்குப் பிறகு ஒரு வாரம் வெங்காயத்தைத் தட்டில் வைத்து நறுக்கினேன்.

சார்ஜ் போடும் துளைதான் தொல்லை கொடுத்தது. அது பெட்டிக்கு அடியில் இருந்ததால் எந்நேரமும் செம்மண் அப்பிக்கொள்ளும். பலகையின் மேல்பக்கம், வாலருகில், புதிதாகத் துளைத்து, ஒயரை நீட்டிச் சோல்டர் செய்து மேலே கொண்டுவந்தேன். வேலை சுத்தமாக வந்தது. துளைக்கு மாட்டும் ரப்பர் மூடியை ஆன்லைனில் சொல்லியிருந்தேன், அது வந்து சேரவில்லை. வரும்வரைக்கும் இருக்கட்டும் என்று கறுப்பு ஒயர் டேப்பை ஒட்டி வைத்தேன்.

சிரம்பானில் போர்டு ஓட்டுகிறவர்களுக்கு ஒரு வாட்ஸ்அப் குழு இருந்தது. ஆறு மாதமாக அதில் இருந்தேன், ஒரு வார்த்தை எழுதியதில்லை. ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் அவர்கள் போடும் படங்களைப் பெரிதாக்கிப் பார்ப்பேன். பத்துப் பன்னிரண்டு பேர் வரிசையாக ஒரே வளைவில் சாய்ந்து போவார்கள், பிறகு ஒரே மேசையில் உட்கார்ந்து ரோத்தி சானாய் சாப்பிடுவார்கள். ரோத்தி சானாய் படத்தைத்தான் அதிக நேரம் பார்ப்பேன், அதைச் சொல்ல எனக்கு இப்போது வெட்கமில்லை. ஒரு நாள் ஏதோ தைரியத்தில் என் நறுக்கும் பலகை வேலையைப் படம் எடுத்துப் போட்டேன். குழுவை நடத்துகிறவர் ஒரு தமிழர், முப்பது வயதிருக்கும். உடனே பதில் போட்டார்.

"செம லா அக்கா! வர்ற ஞாயித்துக்கெழம வாங்க, எங்களோட ஓட்டுங்க. ஒரு ரவுண்டு சேந்து ஓட்டிட்டா நீங்களும் நம்ம கூட்டம்தான்."

நம்ம கூட்டம். அந்த வார்த்தையை எத்தனை தடவை படித்தேன் என்று எனக்கே தெரியாது. எனக்கு வேண்டியது டவுன் சடக்கும் இல்லை, வேகமும் இல்லை. எனக்கு ஆள் வேண்டியிருந்தது. அந்த ஒரு ரவுண்டை விழாமல், பின்தங்காமல் ஓட்டி முடித்துவிட்டால் அந்த மேசையில் எனக்கும் ஒரு நாற்காலி. அவ்வளவுதான் கணக்கு.

சந்தோஷம் தாங்காமல் தண்ணீர்க் குழாயடியில் பூசாரி சம்சாரத்திடம் சொல்லிவிட்டேன். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம்.

எங்கள் தோட்டத்துப் பூசாரி வாரமெல்லாம் குலை லாரி ஓட்டுவார், வெள்ளிக்கிழமை சாயங்காலம் குளித்து விபூதி பூசி மாரியம்மன் கோயிலைத் திறப்பார். தோட்டத்தில் யார் எந்த வண்டி வாங்கினாலும், மோட்டாரோ காரோ பழைய லாரியோ, முதலில் அவர் முன்னால் வந்துதான் நிற்க வேண்டும். சக்கரத்துக்கு அடியில் எலுமிச்சம்பழம், ஒரு தேங்காய், ஒரு கற்பூரம். பூசை போடாத வண்டியை எங்கள் ஆட்கள் வாசலைத் தாண்டவிட மாட்டார்கள். அந்த வெள்ளிக்கிழமை நான் கோயிலைத் தாண்டும்போது ஐந்து வீட்டுச் சனமும் வெளியே நின்றிருந்தது. பூசாரி நடுச் சடக்கில் கையைக் காட்டி நிறுத்தினார்.

"என்னா தங்கச்சி, சிரம்பானுக்கு வண்டிய எடுத்துக்கிட்டு போறியாமே? பூசை போடாம போவியா?"

"இது வண்டி இல்லண்ணே. வெறும் பலகை."

"சக்கரம் இருக்கு, மோட்டார் இருக்கு, அப்பறம் என்னா வண்டி இல்ல? கொண்டா இங்க."

எலுமிச்சம்பழத்தைச் சக்கரத்தின் முன்னால் வைத்தார். சக்கரத்தைவிடக் கொஞ்சம்தான் சின்னது அந்தப் பழம். பலகையைத் தள்ளினால் ஏறவில்லை, பழம்தான் உருண்டு ஓடியது. ஒருவர் துரத்திப் பிடித்து வந்தார். மறுபடி வைத்தார்கள், மறுபடி ஓடியது. பூசாரி யோசித்துவிட்டு, "ஏய், நம்ம தொட்டியில லீமாவ் கஸ்தூரி காய்ச்சிருக்குல்ல, நாலு பறிச்சிட்டு வா" என்று சம்சாரத்தை விரட்டினார். எலுமிச்சைக்குத் தங்கச்சி மாதிரி, கோலிக்குண்டு போல நான்கு லீமாவ் கஸ்தூரிப் பழம் வந்தது, சக்கரத்துக்கு ஒன்றாக வைத்தார். நான் மேலே ஏறி நின்று மெதுவாக ரிமோட்டைத் தள்ளினேன். பட் பட்டென்று நசுங்கின. எல்லோரும் கைதட்டினார்கள். ஒருத்தர் படம் எடுத்தார். "நம்ம தோட்டத்துப் பொண்ணு டவுன்ல போயி காட்டப் போகுது" என்று யாரோ சொன்னார்கள். அம்மா காரியத்துக்குப் பிறகு அத்தனை பேர் என்னைச் சுற்றி நின்றது அன்றைக்குத்தான்.

பூசாரி தேங்காயை உடைத்தார். இரண்டு மூடியிலும் தண்ணீர் தளும்பிக்கொண்டிருந்தது.

"இஞ்சின் எந்தப் பக்கம்மா? அதுக்கு மேல ஊத்தணும்."

இருபது வருடம் சோல்டரிங் செய்தவள் நான். சர்க்கியூட் போர்டில் ஒரு சொட்டு ஈரம் பட்டாலும் லைனை நிறுத்திக் கத்துகிறவள். டேப்பின் ஓரம் உரிந்திருப்பது எனக்குத் தெரியும். "ஊத்தாதீங்கண்ணே, துளை திறந்திருக்கு" என்று சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்? ஆனால் எல்லோர் முகத்திலும் அப்படி ஒரு சிரிப்பு. நான் வாயைத் திறந்தால் ஏதாவது கடுகடுவென்றுதான் வரும், அந்தச் சிரிப்பு போய்விடும். வால் பக்கம் கையைக் காட்டினேன். இரண்டு மூடித் தண்ணீரையும் நிதானமாக ஊற்றினார், விபூதியைப் பூசினார், குங்குமம் வைத்தார். "போயிட்டு வா தங்கச்சி. ஒனக்கு ஒரு குறையும் வராது."

வீட்டுக்கு வந்து கவிழ்த்து வைத்தேன், துணியால் துடைத்தேன், மறுநாள் முழுக்க மின்விசிறிக்கு முன்னால் வைத்தேன். பெட்டியைத் திறந்து பார்த்திருக்க வேண்டும். பதினாறு திருகாணி. திறந்து உள்ளே ஈரம் இருந்தால் ஞாயிற்றுக்கிழமை போக முடியாது. அதனாலேயே திறக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை லாபுவில் கொமூட்டர் ரயில் ஏறி, பலகையை மடியில் வைத்துக்கொண்டு சிரம்பான் போனேன். ஏரிப் பூங்கா வாசலில் பதினோரு பேர் நின்றார்கள். மலாய்க்காரர்கள், சீனர்கள், தமிழர்கள், எல்லோரும் என்னைவிட இளையவர்கள். என் போர்டைக் குனிந்து பார்த்தார்கள். நறுக்கும் பலகையைத் தொட்டுப் பார்த்துச் சிரித்தார்கள், பாராட்டாகத்தான். விபூதியைப் பார்த்து ஒன்றும் கேட்கவில்லை. என்னை நடுவில் விட்டு, முன்னால் ஆறு பேர், பின்னால் ஐந்து பேராகக் கிளம்பினோம்.

அந்த இருபது நிமிடத்தை நான் எப்படிச் சொல்வேன்! முன்னால் போகிறவர் சாய்ந்தால் நான் சாய்கிறேன், நான் சாய்ந்தால் பின்னால் வருகிறவர் சாய்கிறார். யாரும் பேசவில்லை, பேசத் தேவையும் இல்லை. கடைகள் இன்னும் திறக்காத சடக்கில் பன்னிரண்டு பேரின் சக்கரச் சத்தமும் ஒன்றாகக் கேட்டது. பள்ளம் வந்தால் முன்னாலிருப்பவர் கையைக் கீழே காட்டுவார், அதை நான் பின்னால் இருப்பவருக்குக் காட்ட வேண்டும். எனக்காக ஒருத்தர் கை காட்டுகிறார், நான் இன்னொருத்தருக்குக் காட்டுகிறேன். கண் கலங்கியது, காற்று என்று நினைத்துக்கொள்ளட்டும் என்று விட்டேன்.

ஒரு மேட்டில் ஏறும்போது மோட்டார் இரண்டு தடவை விக்கியது. மூன்றாவது தடவை பலகை அப்படியே நின்றுவிட்டது, நான் நிற்கவில்லை. உள்ளங்கை இரண்டும் முழங்காலும் தாரில் தேய்ந்தன. எல்லோரும் நிறுத்தி ஓடி வந்தார்கள். குழு நடத்துகிறவர் தண்ணீர் கொடுத்தார், ரிமோட்டை அணைத்து மறுபடி போட்டார், எதற்கும் அசையவில்லை. பத்து நிமிடம் நின்றார்கள். வெயில் ஏறிக்கொண்டிருந்தது, கார்கள் வரத் தொடங்கிவிட்டன.

"அக்கா, கார் ஒண்ணு கூப்பிடவா?"

"வேண்டாம் லா, நீங்க போங்க. நான் போய்க்கிறேன்."

போனார்கள். வளைவில் ஒவ்வொருவராகச் சாய்ந்து மறைந்தார்கள். கெட்ட மனசோடு போகவில்லை. நான்தான் போகச் சொன்னேன். ஏழு கிலோ பலகையைத் தூக்கிக்கொண்டு ரயில் நிலையத்துக்கு நடந்தேன். அங்கிருந்து ரயிலில் லாபுவுக்கு, பிறகு தோட்டத்துக்குள் மறுபடி நடை. கோயிலருகில் பூசாரி சம்சாரம் பார்த்துவிட்டாள். "என்னா, தூக்கிட்டு வர்ற? கையில என்னா ரத்தம்?" என்றாள். பேட்டரி முடிந்துவிட்டது என்று சொல்லிவிட்டு நிற்காமல் வந்தேன்.

வீட்டில் பதினாறு திருகாணியையும் கழற்றினேன். உள்ளே தேங்காய்த் தண்ணீர் காய்ந்து பிசுபிசுப்பாக ஒட்டியிருந்தது, நான் சோல்டர் செய்த இடமெல்லாம் பச்சை பூத்திருந்தது. புளித்த வாடை. தலையில் அடித்துக்கொண்டேன். அந்த நேரத்தில்தான் குழு நடத்துகிறவர் வாட்ஸ்அப்பில் கேட்டார்.

"அக்கா, வீட்டுக்குப் போய்ட்டீங்களா? என்னா பிரச்சன?"

தண்ணீர் போயிருக்கிறது என்று எழுதினேன்.

"மழையே இல்லையே லா?"

தேங்காய்த் தண்ணீர் என்று எழுதினேன். பிறகு சிரிப்புப் பொம்மைகள் வந்து கொட்டின. இதுவரை என்னோடு ஒரு வார்த்தை பேசாதவர்கள் எல்லாம் எப்படி, என்ன, சொல்லுங்க என்று கேட்டார்கள். சொன்னேன். எழுதினால் சுவை வரவில்லை என்று மலாயும் தமிழுமாகக் குரலில் பேசி அனுப்பினேன். எலுமிச்சம்பழம் உருண்டு ஓடியதைச் சொன்னேன். பூசாரியின் குரலில், கொஞ்சம் கூட்டியே, "இஞ்சின் எந்தப் பக்கம்மா?" என்று பேசிக் காட்டினேன். எனக்கு ஆட்களின் குரலைப் பிடித்துப் பேச வரும், அம்மா இருந்தவரை அவளை அப்படித்தான் சிரிக்கவைப்பேன். "இந்தத் தோட்டத்து ஆளுங்களுக்கு பேட்டரின்னா என்னான்னே தெரியாது லா" என்றும் சொன்னேன். கோயிலில் எடுத்த படம் என் போனுக்கு வந்திருந்தது. பூசாரி நாக்கைக் கடித்துக்கொண்டு தேங்காய் மூடியைச் சாய்க்கும் படம். அதையும் போட்டேன்.

பத்து நிமிடத்தில் ஒருத்தர் அந்தப் படத்தை வெட்டி ஸ்டிக்கர் ஆக்கிவிட்டார். பூசாரியின் தலை, தேங்காய், கீழே மலாயில் 'இஞ்சின் எங்கே'. ஆளாளுக்கு அதையே போட்டார்கள். "அக்கா, நீங்க செம ஆளு. அடுத்த வாரம் கண்டிப்பா வரணும், ஸ்பேர் போர்டு நான் கொண்டு வர்றேன்" என்று குழு நடத்துகிறவர் எழுதினார். நான் தரையில் உட்கார்ந்து, கையில் திருப்புளியோடு, தனியாகச் சத்தம் போட்டுச் சிரித்தேன். நாற்காலி கிடைத்துவிட்டது.

வெயில் தாழ்ந்த நேரத்தில் வாசலில் செருப்புச் சத்தம் கேட்டது. பூசாரி. கையில் சின்னப் பொட்டலம்.

"வீட்ல சொன்னா, விழுந்துட்டியாமே. கையக் காட்டு." காட்டினேன். முகம் சுருங்கிவிட்டது. உள்ளே வரச் சொல்லியும் வரவில்லை, படியிலேயே நின்றார்.

"தங்கச்சி, தப்பு என்மேலதான்."

தண்ணீர் விஷயம் தெரிந்துவிட்டது என்று நினைத்தேன்.

"எலுமிச்சதான் வெக்கணும். நான் லீமாவ் கஸ்தூரி வெச்சிட்டேன். சிரம்பான் கோயில் குருக்களுக்குப் போன் அடிச்சிக் கேட்டேன். அப்படியெல்லாம் மாத்தி வெக்கக் கூடாதுன்னாரு. வெளையாட்டா செஞ்சிட்டேன்மா. ஒனக்கு ரத்தக் காயம் ஆயிருச்சி." பொட்டலத்தை நீட்டினார். "அம்மனுக்கு வெச்ச மஞ்சள். காயத்துல போடு. அடுத்த வெள்ளிக்கெழம ஒழுங்கா செஞ்சிருவோம்."

அப்படியெல்லாம் இல்லண்ணே என்று சொல்ல வாயெடுத்தேன். எப்படி இல்லை, ஏன் இல்லை என்று கேட்டால் எதைச் சொல்வேன்? போன் கைக்குள் ஒலித்தது. மறுபடியும். அவர் பார்த்தார்.

"யாரு, அந்தக் கூட்டாளிங்களா?"

"ஆமாண்ணே."

அவர் முகம் அப்படியே மலர்ந்துவிட்டது. "அப்பாடா! விழுந்தாலும் ஆள் கெடச்சிருச்சில்ல. ஒங்கம்மா போனதுலேருந்து நீ தனியா கெடக்குறியேன்னு நானும் வீட்லயும் பேசாத நாளில்ல." கையை நீட்டினார். "படம் எடுத்தீங்களா? காட்டேன், எங்கெங்க போனீங்கன்னு பாப்போம்."

"பேட்டரி முடிஞ்சிருச்சிண்ணே. போன் செத்துருச்சி," என்றேன்.

சொல்லி வாயை மூடவில்லை, கைக்குள் மூன்று தடவை அடித்தது. அவருக்குக் காது நன்றாகவே கேட்கும். நீட்டிய கையை மெதுவாக மடக்கிக்கொண்டார்.

"சரிம்மா. மஞ்சள் போட மறந்துறாத."

படியிறங்கி, லயத்து ஓரமாக நடந்தார். அண்ணே என்று ஒரு வார்த்தை கூப்பிட்டிருந்தால் நின்றிருப்பார். நான் கூப்பிடவில்லை.